கார குடைமிளகாய் ஹம்முஸ் திப்பி திப்பியாகவே வருகிறது, எங்கே கோட்டை விடுகிறேன்?

பாலக்கோட்டான்:
எல்லோருக்கும் வணக்கம். ஞாயிற்றுக்கிழமை இரண்டாவது முறையாக ஹம்முஸ் (கொண்டைக்கடலையையும் எள்ளையும் அரைத்துச் செய்யும் அரபு நாட்டுத் தொட்டுக்கை) செய்தேன். இரண்டாவது முறையும் ஊற்றிக்கொண்டது.

முதல் முறை நடந்ததைச் சொன்னால் சிரிப்பீர்கள், பரவாயில்லை. பெங்களூரில் ஒரு கடையில் 'ரோஸ்டட் பெப்பர் ஹம்முஸ்' சாப்பிட்டேன். நல்ல ஆரஞ்சு நிறம், லேசான புகை வாசம், கடைசியில் ஒரு காரம். நாக்கிலேயே நின்றுவிட்டது. வீட்டுக்கு வந்து, பெப்பர் என்றால் மிளகுதானே என்று இரண்டு ஸ்பூன் மிளகை வெறும் சட்டியில் வறுத்துப் பொடித்துப் போட்டேன். சிமெண்ட் கலவை நிறத்தில் வந்தது. அம்மா ஒரு வாய் வைத்துவிட்டு, "சளிக்கு நல்லதுதான்" என்றார்.

இந்த முறை சரியாகச் சிவப்புக் குடைமிளகாய்தான் வாங்கினேன். வெள்ளைக் கொண்டைக்கடலை கால் கிலோ, எட்டு மணி நேரம் ஊறவைத்து ஆறு விசில். எள்ளை வறுத்து அரைத்துக்கொண்டேன். குடைமிளகாயை அடுப்பில் சுட்டுத் தோல் உரித்தேன். எல்லாவற்றையும் மிக்சியில் போட்டுப் பத்து நிமிடம் ஓட்டினேன். ஜார் சூடாகி மோட்டார் வாசம் வந்ததுதான் மிச்சம், ஹம்முஸ் ரவை பதத்துக்குக் கீழே இறங்கவே இல்லை. நாக்கில் மணல் மாதிரி நெருடுகிறது. கூடவே ஒரு கசப்பு. காரமும் இல்லை. ஓரத்தில் தண்ணீர் வேறு பிரிந்து நிற்கிறது.

கடலை பழசா, மிக்சி பழசா, ஆள்தான் சரியில்லையா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

நாலுரோடு நக்கல்:
முதல் முறைக்காக வருத்தப்படாதீர்கள் தம்பி. இதே குழப்பம் கொலம்பஸுக்கே வந்தது. மிளகைத் தேடிக் கப்பலேறிய மனிதர், போன இடத்தில் காரமான ஒரு காயைப் பார்த்து அதற்கும் மிளகின் பெயரையே வைத்துவிட்டார். நாம் மட்டும் என்ன? போர்ச்சுகீசியர் வழியாக அது இங்கே வந்து இறங்கியதும், மிளகு மாதிரி காரும் காய் என்று 'மிளகாய்' ஆக்கிக்கொண்டோம். நீங்கள் 500 வருடம் பின்னால் போய் மிளகையே போட்டிருக்கிறீர்கள், அவ்வளவுதான்.

குண்டுமிளகாய் அக்கா:
தர்மபுரியில் இருந்து எழுதுகிறேன். பிள்ளைகள் கேட்கிறார்கள் என்று மாதம் இரண்டு முறையாவது செய்வேன். உங்களுக்கு ஒரு தப்பு இல்லை, நான்கு இருக்கிறது. குடைமிளகாயைப் பற்றி மட்டும் நான் சொல்கிறேன்.

தண்ணீர் பிரிந்து நிற்பது குடைமிளகாயால்தான். சுட்ட பிறகு குழாயடியில் காட்டித் தோல் உரித்தீர்கள்தானே? அப்படித்தான் எல்லோரும் செய்வார்கள். புகை வாசமெல்லாம் தண்ணீரோடு போய்விடும், காய்க்குள்ளும் தண்ணீர் ஏறிவிடும். நான் செய்வது இப்படி: காயின் மேல் எண்ணெய்கூடத் தடவாமல் நேராக கேஸ் தீயின் மேல் வைத்து, இடுக்கியால் திருப்பித் திருப்பிச் சுடுவேன். அங்கங்கே கருத்தால் போதாது, முழுக்கக் கன்னங்கரேலென்று ஆகவேண்டும். "ஐயோ கருகிவிட்டதே" என்று கை நடுங்கி எடுத்துவிட்டால் தோல் பாதி வரும் பாதி வராது. கருத்ததும் ஒரு எவர்சில்வர் டப்பாவில் போட்டு மூடி கால் மணி நேரம் விட்டுவிடுங்கள். உள்ளே இருக்கும் ஆவியிலேயே தோல் கழன்றுகொள்ளும். திறந்தால் காய் துவண்டு கிடக்கும், விரலை வைத்து இழுத்தால் கருப்புத் தோல் பட்டையாக வரும். ஒட்டிக்கொண்டிருப்பதைத் துணியால் துடையுங்கள். அங்கங்கே இரண்டு கருப்புப் புள்ளி இருந்தால் இருக்கட்டும், வாசம் அதில்தான் இருக்கிறது. காம்பு, விதை எல்லாம் எடுத்துவிட்டு ஒரு வடிகட்டியில் அரை மணி நேரம் கவிழ்த்து வையுங்கள். கீழே அரை டம்ளர் சாறு இறங்கும். அதைக் கொட்டாதீர்கள், ரசத்தில் ஊற்றலாம்.

மழை நாளில் வெந்நீருக்கு விறகடுப்பு மூட்டினால் தணலில் புதைத்துச் சுட்டுப் பாருங்கள், அது தனி.

தளி பசுமைக்குடில்:
காரம் இல்லை என்றால் குடைமிளகாயைக் குறை சொல்லாதீர்கள். அதில் காரமே கிடையாது, அந்த வகையே அப்படி. மிளகாய்க்குக் காரம் கொடுக்கும் கேப்சைசின் அதில் உருவாவதில்லை. காரத்துக்குத் தனியாக மிளகாய்தான் போடவேண்டும்.

நாங்கள் தளிப் பக்கம் நிழல்வலைக்குள் சிவப்பும் மஞ்சளும் போடுகிறோம். நிறையப் பேர் சிவப்பு வேறு ஜாதி, பச்சை வேறு ஜாதி என்று நினைக்கிறார்கள். பச்சையைச் செடியிலேயே விட்டால் சில வாரத்தில் நிறம் மாறும், சிவப்பாகுமா மஞ்சளாகுமா என்பது ரகத்தைப் பொறுத்தது. அத்தனை நாள் பூச்சி, வெயில், அழுகல் எல்லாவற்றிலிருந்தும் காப்பாற்றி நிறுத்தவேண்டியிருப்பதால்தான் விலை கூட. பழுத்ததில் இனிப்பு ஏறியிருக்கும். சுடும்போது அந்த இனிப்புதான் வேலை செய்கிறது. பச்சையைச் சுட்டால் கசக்கும், ஹம்முஸும் பாசி நிறத்தில் வரும்.

வாங்கும்போது கையில் கனமாக, சதை தடியாக இருப்பதைப் பொறுக்குங்கள். சதை மெல்லியதாக இருந்தால் தோலை உரித்த பிறகு மிஞ்சுவது ஒன்றும் இருக்காது. முகம் சுருங்கிப்போன காயைத் தொடவே வேண்டாம்.

ஊத்தங்கரை ஷேக்:
பெயரைப் பார்த்துப் பயப்படவேண்டாம், வளைகுடாவில் பதினொரு வருடம் சமையல்கூடத்தில் இருந்துவிட்டு ஊருக்கு வந்தவன். லெபனான்காரர் ஒருவரின் கையில்தான் வேலை கற்றேன்.

முதலில் ஒன்று. அரபியில் ஹும்முஸ் என்றால் கொண்டைக்கடலை, அவ்வளவுதான். நாம் சாப்பிடுகிற பண்டத்தின் முழுப் பெயர் 'ஹும்முஸ் பி தஹினி', தஹினி என்கிற எள் விழுது சேர்த்த கொண்டைக்கடலை. ஆக, பாதி உயிர் தஹினியில் இருக்கிறது. உங்கள் கசப்பும் அங்கேதான்.

எந்த எள் போட்டீர்கள்? நம் பக்கம் எள்ளுருண்டைக்கு வாங்குகிற தோலோடு இருக்கும் எள் என்றால் கசக்கத்தான் செய்யும், அந்தக் கசப்பு தோலில் இருப்பது. தோல் நீக்கிய வெள்ளை எள் வேண்டும். அப்புறம், வறுக்கும்போது பொன்னிறம் வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். சின்னத் தீயில் வைத்துக் கிளறிக்கொண்டே இருந்தால், எள் லேசாக உப்பி இரண்டு மூன்று துள்ளும். வாசம் வரும். உடனே தட்டில் கொட்டிவிடவேண்டும். சட்டியிலேயே விட்டால் அடுப்பை அணைத்த பிறகும் சூட்டில் கருகும். ஆறிய பிறகு சின்ன ஜாரில் அரையுங்கள். முதலில் பொடியாகும், அப்புறம் உருண்டையாகிச் சுவரில் ஒட்டும், வழித்துவிட்டு ஓட்டினால் தன் எண்ணெயையே விட்டு இளகும். அவசரமாக இருந்தால் இரண்டு ஸ்பூன் எண்ணெய்.

புதிதாகச் செய்பவர்கள் பதறும் இடம் ஒன்று உண்டு. தஹினியில் எலுமிச்சைச் சாறு ஊற்றியதும் அது இறுகிக் கட்டி தட்டும், திரிந்துபோன பால் மாதிரி தெரியும். கெட்டுப்போகவில்லை. ஐஸ் தண்ணீரைச் சொட்டுச் சொட்டாக விட்டு அடித்துக்கொண்டே இருங்கள், திடீரென்று வெளுத்து நெகிழ்ந்து கொடுக்கும். அந்தப் பதத்துக்கு வந்த பிறகுதான் கடலையைப் போடவேண்டும். நீங்கள் எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் ஜாரில் கொட்டியிருக்கிறீர்கள்.

ஐஸ் கட்டி நாலைந்து கட்டாயம். நம் மிக்சி சட்னிக்குப் பிறந்தது, பத்து நிமிடம் ஓட்டினால் ஜாருக்குள் சமையலே நடக்கும். ஒரு நிமிடம் ஓட்டு, இரண்டு நிமிடம் நிறுத்து.

செக்கடி:
அது சரி, கடைசியில் மேலே ஊற்ற ஆலிவ் எண்ணெய் என்று எல்லோரும் சொல்கிறார்கள். தஹினியே எள். எள்ளிலிருந்து வருகிற நல்லெண்ணெய் இருக்கும்போது ஆலிவ் எதற்கு? கிருஷ்ணகிரியில் என் வீட்டில் செக்கு நல்லெண்ணெய்தான், ஒரு குறையும் இல்லை.

ஊத்தங்கரை ஷேக்:
அண்ணா, குறை இருக்கிறது. செக்கில் ஆட்டும்போது கருப்பட்டி போடுவீர்களே, அந்த இனிப்பும் மணமும் இட்லிப் பொடிக்குத்தான் சேரும். குடைமிளகாயின் புகையை அது அமுக்கிவிடும்.

செக்கடி:
அமுக்கினால் என்ன, நன்றாகத்தானே இருக்கிறது? நீங்கள் லெபனான்காரருக்குச் சமைக்கிறீர்கள், நான் என் பெண்டாட்டிக்குச் சமைக்கிறேன்.

நாலுரோடு நக்கல்:
சண்டை வேண்டாம். ஏற்கெனவே லெபனானும் இஸ்ரேலும் இதற்காக மல்லுக்கு நின்றது போதும். 2010 ஜனவரியில் இஸ்ரேலில் நாலு டன் அளவுக்கு ஒரே தட்டில் செய்து கின்னஸ் வாங்கினார்கள். அதே ஆண்டு மே மாதம் லெபனான் 10,452 கிலோ செய்து தட்டிப் பறித்தது. அதென்ன 10,452 என்கிறீர்களா? லெபனானின் பரப்பளவு அத்தனை சதுர கிலோமீட்டர். தர்மபுரி மாவட்டமும் கிருஷ்ணகிரி மாவட்டமும் நல்லெண்ணெய்க்காக அந்த அளவுக்குப் போகவேண்டாம்.

குண்டுமிளகாய் அக்கா:
காரத்தை விட்டுவிட்டோமே. என் கணக்கு: காஷ்மீரி மிளகாய் நான்கு, நிறத்துக்கு. ராமநாதபுரம் குண்டு மிளகாய் இரண்டு, காரத்துக்கு. விதையை உதறிவிட்டு வெந்நீரில் இருபது நிமிடம் ஊறவைத்து, நான்கு பல் பூண்டோடு விழுதாக அரைத்துக்கொள்ளுங்கள். பூண்டைத் தோலோடு சுட்டுப் போட்டால் பச்சை நெடி அடிக்காது. மிளகாய்த் தூள் வேண்டாம், நாக்கில் காய்ச்சல் மருந்து மாதிரி நிற்கும். சீரகம் அரை ஸ்பூன் வறுத்துப் பொடித்தது.

ஒரு நாள் எலுமிச்சை தீர்ந்துபோய் இரண்டு பெரிய நெல்லிக்காயைத் துருவிப் பிழிந்தேன். அதியமான் ஊரில் இதுகூட இல்லாவிட்டால் எப்படி? துவர்ப்பு லேசாகத் தெரிந்தது, ஆனால் நன்றாகவே இருந்தது.

பாலக்கோட்டான்:
மூன்றாவது முறை செய்துவிட்டு வருகிறேன். அக்கா சொன்ன மாதிரி டப்பாவில் மூடி வைத்தேன், தோல் பாம்புச் சட்டை மாதிரி கழன்றது. தோல் நீக்கிய எள், ஐஸ் கட்டி, மிளகாய் விழுது எல்லாம் சொன்னபடியே. கசப்பு போய்விட்டது. தண்ணீர் பிரியவில்லை. காரம் தொண்டையில் இறங்கும்போது சுருக்கென்று இருக்கிறது, நான் சாப்பிட்டது அதேதான்.

ஆனால் திப்பி அப்படியே இருக்கிறது! கடலையின் தோலைக்கூட ஒவ்வொன்றாக உரித்தேன். நானும் அம்மாவும் தொலைக்காட்சி முன்னால் உட்கார்ந்து ஒரு மணி நேரம் உரித்தோம். புதுக் கடலை, வேறு கடையில் வாங்கியது. எட்டு விசில் விட்டேன். மிக்சியை நம்பாமல் கடைசியில் ஆட்டுக்கல்லில் போட்டும் ஆட்டினேன். நெருடுகிறது. பக்கத்து வீட்டு அத்தை எட்டிப் பார்த்துவிட்டு, "நம்ம ஊர் போர் தண்ணியில துவரம்பருப்பே வேகாது, இதுவா வேகும்?" என்றார்.

சோதனைக்குழாய்:
இத்தனை பேர் பேசினோம், விடையைச் சொன்னது உங்கள் பக்கத்து வீட்டு அத்தை. நான் பள்ளியில் வேதியியல் எடுப்பவன், கொஞ்சம் நீளமாகச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

கடலைக்குள் செல்களை ஒன்றோடொன்று ஒட்டவைத்திருக்கும் பசை போன்ற பொருள் பெக்டின். வேகும்போது அது கரைந்தால்தான் செல்கள் பிரிந்து மாவாகும். போர் தண்ணீரில் கரைந்திருக்கும் கால்சியமும் மெக்னீசியமும் அந்தப் பெக்டினைப் பிடித்து இன்னும் இறுக்கிவிடும். வெளியே பார்த்தால் கடலை வெந்த மாதிரி தெரியும், நசுக்கினால் நசுங்கவும் செய்யும். ஆனால் உள்ளே செல்கள் கொத்துக் கொத்தாகவே நிற்கும். அந்தக் கொத்துதான் உங்கள் நாக்கில் மணல். மிக்சியை ஒரு மணி நேரம் ஓட்டினாலும் போகாது.

வெந்நீர் வைக்கும் பாத்திரத்தின் அடியில் வெள்ளையாகச் சுண்ணாம்பு மாதிரி படிகிறதா? சோப்பு நுரைக்க அடம்பிடிக்கிறதா? இரண்டுக்கும் ஆமாம் என்றால் சந்தேகமே வேண்டாம்.

செய்யவேண்டியது இரண்டு. ஒன்று, ஊறவைக்கவும் வேகவைக்கவும் குழாயில் வரும் ஒகேனக்கல் காவிரித் தண்ணீரை எடுங்கள். ஊறவைக்க மட்டும் போரில் பிடித்தாலும் பிரச்சினைதான், எட்டு மணி நேரம் கடலை குடிப்பது அந்தத் தண்ணீரைத்தானே. இரண்டு, கால் கிலோ கடலைக்கு ஆப்ப சோடா அரை டீஸ்பூன். சோடாவின் காரத்தன்மையில் (மிளகாய்க் காரம் இல்லை, அமிலத்துக்கு எதிரான தன்மை) பெக்டின் சீக்கிரம் உடையும். அரைக்கு மேல் போனால் சோப்பு வாடை வரும். சோடா போட்டால் குக்கரில் பாதிக்கு மேல் நிரப்பாதீர்கள், நுரை பொங்கி வெயிட்டில் அடைத்துக்கொள்ளும். வேகவைத்த தண்ணீரையும் அரைக்க எடுக்கவேண்டாம். புளிப்பு எதையும் வெந்து முடிக்கும்வரை காட்டவே கூடாது, அது உங்களுக்கே தெரியும்.

மாம்பழக் கூழ்:
எங்கள் பர்கூர்ப் பக்கத்திலும் இதே கதைதான். இதெல்லாம் தண்ணீரில் இருக்கும் ஃபுளோரைடு செய்கிற வேலை. பல்லெல்லாம் மஞ்சளாகிறதே, அதேதான்.

சோதனைக்குழாய்:
இரண்டும் ஒரே போரில் வருவதால் ஒன்றாகத் தெரிகிறது, ஆனால் வேறு வேறு. பல்லில் கறை, எலும்பில் வலி இவை ஃபுளோரைடு. குடிநீரில் லிட்டருக்கு 1 மில்லிகிராம் வரை ஏற்கத்தக்கது, வேறு தண்ணீர் இல்லாவிட்டால் 1.5 வரை பொறுத்துக்கொள்ளலாம் என்பது இந்தியத் தர நிர்ணயம். நம் இரண்டு மாவட்டத்துக்கும் ஜப்பான் கடனில் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் போட்டு 2013இல் தொடங்கி வைத்ததே இதற்காகத்தான், திட்டத்தின் பெயரிலேயே ஃபுளோரோசிஸ் தடுப்பு என்று இருக்கும். கடலை வேகாததற்கு ஃபுளோரைடு காரணம் இல்லை, கால்சியமும் மெக்னீசியமும்தான். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன்: கொதிக்கவைத்தால் ஃபுளோரைடு போய்விடும் என்று நிறைய வீடுகளில் நம்புகிறார்கள். போகாது. தண்ணீர் வற்றும், ஃபுளோரைடு அப்படியே நிற்கும்.

பாலக்கோட்டான்:
ஐயா, நீங்கள் சொன்னதைச் சோதித்தே பார்த்துவிட்டேன். எங்கள் தெருவில் ஒகேனக்கல் தண்ணீர் ஒருநாள் விட்டு ஒருநாள்தான் வரும், குடத்தில் பிடித்துக் குடிக்க மட்டும் வைத்துக்கொள்வோம். சமையலுக்கெல்லாம் போர்தான். ஒரு குடத்தை அம்மாவிடம் கேட்டு வாங்குவதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது.

ஒரே பாக்கெட் கடலையில் நூறு நூறு கிராம் எடுத்துத் தனித்தனியாக ஊறவைத்தேன். ஒன்று போர் தண்ணீர், ஒன்று ஒகேனக்கல். சோடா இரண்டிலும் இல்லை. காலையில் அதே தண்ணீர் வகையிலேயே இரண்டு டிபன் கிண்ணங்களில் போட்டு, ஒரே குக்கருக்குள் ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கி ஆறு விசில். தீ, நேரம் எல்லாம் ஒன்றே.

திறந்தபோது பார்வைக்கு வித்தியாசமே இல்லை. ஏமாந்துவிட்டோம் என்றுதான் நினைத்தேன். போர் தண்ணீர்க் கடலை ஒன்றை எடுத்துக் கட்டைவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் நடுவில் அழுத்தினேன். இரண்டு பருப்பாகப் பிளந்தது. தேய்த்தால் பொடிப் பொடியாக உதிர்ந்தது. ஒகேனக்கல் கடலையை அழுத்தினேன், விபூதியைக் குழைத்த மாதிரி விரலில் பூசிக்கொண்டது. ரேகை மட்டும் தெரிந்தது. அம்மாவைக் கூப்பிட்டு இரண்டையும் அழுத்தச் சொன்னேன். அவர் ஒன்றும் பேசாமல் போய் துவரம்பருப்பு ஊறவைக்க ஒரு சொம்பு நல்ல தண்ணீர் எடுத்துக்கொண்டார்.

அப்புறம் முழு அளவில், சோடாவும் போட்டுச் செய்தேன். தோல் தானாகவே மிதந்து வந்தது, கரண்டியால் வழித்துப் போட்டேன். சூடாக இருக்கும்போதே அரைத்தேன். கடைசி அளவு இதுதான்: கடலை கால் கிலோ, பெரிய சிவப்புக் குடைமிளகாய் இரண்டு, தஹினி ஐந்து மேசைக்கரண்டி, எலுமிச்சை ஒன்றரை, அக்காவின் மிளகாய்ப் பூண்டு விழுது, சீரகம், உப்பு. குடைமிளகாயைக் கடைசியில்தான் சேர்த்தேன். மிக்சி மூன்றே நிமிடம். கரண்டியால் இழுத்தால் தடம் அப்படியே நிற்கிறது, நடுவில் குழியிட்டு எண்ணெய் விட்டால் வழியாமல் நிற்கிறது. எந்த எண்ணெய் என்று சொல்லமாட்டேன், செக்கடி அண்ணனும் ஷேக் பாயும் என்னை மன்னிக்கவேண்டும்.

பிட்டா ரொட்டிக்கு எங்கே போவது, சப்பாத்திக்குத்தான் தொட்டுக்கொண்டோம். ராத்திரி அம்மா ராகிக் களிக்குக் கீரைக் கடைசலோடு இதையும் ஓரமாக வைத்துக்கொண்டார். "துவையல் பரவாயில்லை" என்றார். ஹம்முஸ் என்று நான் திருத்தப் போகவில்லை.

மாம்பழக் கூழ்:
எத்தனை நாள் வைத்திருக்கலாம்?

குண்டுமிளகாய் அக்கா:
மூடிய டப்பாவில் குளிர்சாதனப் பெட்டியில் மூன்று நாள். குடைமிளகாய் சேர்த்ததால் வெறும் ஹம்முஸைவிடச் சீக்கிரம் புளிக்கும். வெளியில் வைத்தது இரண்டு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம், நம் வெயிலில் அதற்கும் முன்பே முடித்துவிடுங்கள். ஈரக் கரண்டி போடக்கூடாது.

பாலு தம்பி, சோதனைக்கு வேகவைத்த அந்தப் போர் தண்ணீர்க் கடலையை என்ன செய்தீர்கள்? தூக்கிப் போட்டுவிட்டீர்களா?

பாலக்கோட்டான்:
தேங்காய் போட்டுச் சுண்டல் தாளித்தோம் அக்கா. ஒரு கடலைகூடக் குழையாமல் முழுசு முழுசாக நின்றது.